வீட்டுக்குள் அடங்காத கால்

என் பெறாமகள் ஒருத்தி சனிக்கிழமை காலைகளில் சனசமூக நிலைய மண்டபம் ஒன்றுக்குத் தைக்வொண்டோ என்ற கொரியச் சண்டைக் கலை பழகப் போகிறாள். அவளது வெள்ளைக் காற்சட்டையின் அடிப்பகுதியைத் தாய் மூன்று மடிப்பு மடித்து, ஊசி நூலால் தைத்து விட்டிருக்கிறார். அடுத்த வருடமும் அதற்கடுத்த வருடமும் அதே உடையே போதவேண்டும் என்பது கணக்கு. உதைக்கும்போது அந்த மடிப்பு ஒன்று அவிழ்ந்து குதிக்காலில் சிக்க, பிள்ளை இடறி விழுந்து எழும்பிச் சிரிப்பது வாராவாரம் நடக்கிற கூத்து. ஒருநாள் கூட வந்திருந்த அம்மம்மா வாசலில் நின்று சற்று நேரம் பார்த்துவிட்டுக் கேட்டார்: "ஆக்களைக் காலாலை உதைக்கிறதுக்குக் காசும் குடுத்தோ பழகிறியள்?"

தைக்வொண்டோவை நடுவில் வைத்துக் குடும்ப நகைச்சுவைச் சண்டைப் படம் எடுப்பவர்களின் மூலதனம் ஏறக்குறைய முழுவதும் இந்த மண்டபக் காட்சிக்குள் இருக்கிறது. அளவு மீறிய உடை, காசு கட்டும் பெற்றோர், உயரத் தூக்கிய காலின் தடுமாற்றம், அதை ஒழுங்கீனமாகப் பார்க்கும் மூத்த தலைமுறை ஆகியவற்றுக்கு வெளியே இவ்வகைப் படங்கள் அதிகம் போவதில்லை. 2011 இல் தென்கொரியாவும் தாய்லாந்தும் கூட்டாகத் தயாரித்த 'தி கிக்' இந்த வகைக்கு நேரான எடுத்துக்காட்டு. பாங்கொக்கில் தைக்வொண்டோ பயிற்சிக்கூடம் நடத்தும் கொரியக் குடும்பமொன்று, மன்னர் காலத்துக் கிறிஸ் என்ற குத்துவாள் ஒன்றைத் திருட வந்த கும்பலுடன் எதிர்பாராமல் மோதிக்கொள்கிறது. தந்தை, தாய், பிள்ளைகள் எல்லோரும் உதைக்கத் தெரிந்தவர்கள். தனக்குக் கைகூடாத ஒலிம்பிக் கனவைத் தந்தை மூத்த மகன்மீது ஏற்றிவைக்க, மகனோ நடனத்தில் மனம் வைத்திருக்கிறான். இயக்கியவர் பிரச்சியா பிங்கேவ். 2003 இல் 'ஓங் பாக்' மூலம் தாய்லாந்துச் சண்டைப் படத்துக்கு உலகச் சந்தையைத் திறந்துவிட்டவர். கராத்தேயும் குங்ஃபூவும் தாய்லாந்தின் குத்துச்சண்டையான முவே தாயும் இருக்க, குடும்பத்தையும் சிரிப்பையும் சேர்த்துச் சொல்வதற்குத் தைக்வொண்டோ ஏன் இவ்வளவு தோதாக அமைகிறது என்பதே இங்கே விளக்க வேண்டியது.

தைக்வொண்டோ நாம் எண்ணுமளவு பழைய கலை அன்று. இரண்டாயிரம் ஆண்டுப் பழமையைக் கொரிய மேடைகளில் பெருமையாகச் சொல்வார்கள். கோகுரியோ காலச் சமாதிச் சுவரோவியங்களையும் சில்லா நாட்டின் ஹ்வராங் இளைஞர் படையையும் சான்றாகக் காட்டுவார்கள். போதிதர்மர் காஞ்சிபுரத்திலிருந்து போய்ச் சீனருக்குச் சண்டை பழக்கினார் என்று நாங்கள் நெஞ்சு நிமிர்த்துவதைப் போன்றதுதான் இதுவும். வரலாற்றாய்வாளர் பலர் ஏற்கும் கதை வேறு. 1910 முதல் 1945 வரை ஜப்பானின் ஆட்சியில் இருந்த கொரியாவிலிருந்து ஜப்பானுக்குப் படிக்கப் போன இளைஞர்கள் அங்கே கராத்தே பழகித் திரும்பி, 1940களின் நடுப்பகுதியில் சோலில் 'குவான்' எனப்படும் பயிற்சிக்கூடங்களைத் திறந்தார்கள். அவற்றில் பழக்கப்பட்டதற்கு 1955 இல்தான் தைக்வொண்டோ என்ற பெயர் வந்தது. அதில் முன்னின்றவர் சோய் ஹொங் ஹி என்ற இராணுவ ஜெனரல். 'தே' என்றால் கால், 'குவொன்' என்றால் மடக்கிய கை, 'தோ' என்றால் வழி. கராத்தேயிலிருந்து விலகித் தனக்கென ஒரு முகம் தேடிய இந்தக் கலை, கையைவிடக் காலுக்கே முதலிடம் கொடுத்தது. 1972 இல் சோலில் குக்கிவொன் என்ற தலைமை மண்டபம் எழுந்தது. 1973 இல் உலகச் சம்மேளனம் தோன்றியது. 1988 சோல் ஒலிம்பிக்கிலும் 1992 பார்சலோனாவிலும் காட்சி விளையாட்டாக இருந்து, 2000 சிட்னியில் பதக்கப் பட்டியலுக்குள் நுழைந்தது. பெயர் சூட்டி நாற்பத்தைந்து ஆண்டுக்குள் ஒலிம்பிக் பதக்கம் என்பது ஓர் அரசு திட்டமிட்டு முன்னெடுத்ததன் விளைவு. கொரியக் குடியரசு இந்தக் கலையைத் தன் அடையாள அட்டைபோல உலகெங்கும் நீட்டியது. ஆசிரியர்களும் ஊர் ஊராகப் போனார்கள்.

இந்த ஆசிரியர்களின் புலம்பெயர்வுதான் படத்தின் உண்மையான பின்னணி. வேற்று நாட்டு நகரமொன்றில் ஒரு கடைத்தொகுதியின் மேல்மாடியில் வகுப்பு, வாடகை, பின்னறையில் குடும்பம், தாய்மொழி அரைகுறையாகத் தெரிந்த பிள்ளைகள் என்ற அமைப்பு, இலண்டனிலும் ரொறன்ரோவிலும் உறவுகளை வைத்திருக்கும் யாழ்ப்பாணத்தவருக்கு விளக்கவே தேவையில்லாதது.

திரையில் கொரியக் கால் முதலில் சிரிப்புக்காக வரவில்லை. ஹொங்கொங் படமொன்றில் 1973 இல் கதாநாயகனாகத் தோன்றிய ஜூன் ரீ, அமெரிக்காவில் தைக்வொண்டோவைப் பரப்பியவர். புரூஸ் லீயின் நண்பர். அந்தப் படத்தில் உதை ஜப்பானிய ஆக்கிரமிப்புக்கு எதிரான நாட்டுப்பற்றின் உதை. ஐந்து ஆண்டுக்குப் பிறகு, 1978 இல், ஜாக்கி சானை உலகறியச் செய்த இரண்டு குங்ஃபூ நகைச்சுவைப் படங்கள் வந்தன. இரண்டிலும் வில்லன் ஹ்வாங் ஜாங் லீ என்ற கொரியத் தைக்வொண்டோ வீரர். நாயகன் குடித்தவன்போல ஆடிப் பாம்புபோல நெளிந்து சிரிப்பூட்ட, எதிரே இறுகிய முகத்தோடு நிற்பவரின் கால்களில் மட்டும் சிரிப்பே இருக்காது. அவர் கால் தூக்கினால் யாரோ சாகப்போகிறார் என்று பொருள். நாட்டுப்பற்றாகவும் பயங்கரமாகவும் இருந்த அந்தக் காலைச் சமையலறைக்குள் கொண்டுவந்து வைத்ததுதான் குடும்பப் படம் செய்த வேலை.

சமையலறைக்குள் வைத்தவுடன் சிரிப்பு ஏன் பிறக்கிறது என்பதை உதையின் அமைப்பைப் பார்த்தால் விளங்கிக்கொள்ளலாம். 'டொல்யோ சாகி' என்னும் சுழல் உதையில் முதலில் முழங்கால் மடங்கி மேலெழும். ஊன்றிய பாதம் தரையில் திரும்பும். அதன்பின் இடுப்பு உருளும். கடைசியாகத்தான் கீழ்க்கால் சாட்டைபோல வெளியே வீசப்பட்டு, பட்டதும் பட்டவழியே மடங்கித் திரும்பும். தேர்ந்தவரிடம் இவை அனைத்தும் கண்மூடித் திறப்பதற்குள் முடிந்தாலும், அந்த முழங்கால் எழும்பும் கணத்தைப் பார்வையாளர் பிடித்துவிடுகிறார். குத்து வந்த பிறகே தெரியும். உதை வருமுன்பே தன் வரவைச் சொல்லிவிடும். நகைச்சுவைக்கு வேண்டியதும் அந்த இடைவெளியே: வரப்போவது எங்களுக்குத் தெரியும், வாங்கப்போகிறவனுக்கு இன்னும் தெரியாது. அதோடு, உதைப்பவர் அந்த நேரம் முழுவதும் ஒற்றைக் காலில் நிற்கிறார். ஒற்றைக் காலில் நிற்கிற எவரும், எவ்வளவு பெரிய வீரராக இருந்தாலும், சிரிப்புக்கு ஓரடி தூரத்தில்தான் நிற்கிறார்.

அடுத்தது இடம். போட்டி நடக்கும் எண்கோண மேடைக்கு எட்டு மீற்றர் அகலம். வளர்ந்த ஒருவரின் கால் முழுதாகச் சுழல ஒரு பாயை விரித்த அளவு வெறும் தரையாவது வேண்டும். குளிர்சாதனப் பெட்டிக்கும் சாப்பாட்டு மேசைக்கும் இடையே, பேருந்தின் நடைபாதையில், பாத்திரம் அடுக்கிய தட்டின் கீழே அந்தப் பாயளவு கிடையாது. எனவே கால் எதையாவது தட்டும், எதிலாவது சிக்கும், அல்லது பாதியில் மனம் மாறி வேறு திசையில் போகும். முழங்கையும் முழங்காலும் கொண்டு சண்டையிடும் முவே தாய்க்கு இந்தத் தொல்லை இல்லை. ஒடுங்கிய இடம் அதற்கு வாய்ப்பு. அதனாலேயே 'ஓங் பாக்' வகைச் சண்டையில் திகைப்பு மிகுதி, சிரிப்புக் குறைவு.

அம்மம்மாவின் கேள்விக்கும் இங்கே இடமுண்டு. ஒருவர்மேல் தவறிக் கால் பட்டுவிட்டால் உடனே தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்ளும் பழக்கம் எங்களுடையது. புத்தகத்தில் பட்டாலும் அப்படித்தான். தாய்லாந்தில் இது இன்னும் கண்டிப்பானது: தலை உடலின் உயர்ந்த இடம், பாதம் தாழ்ந்த இடம், மற்றவரை நோக்கிப் பாதத்தை நீட்டி உட்காருவதே மரியாதைக் குறைவு. அப்படிப்பட்ட ஊரில் ஒருவன் முகத்தில் பாதம் பதிவது வலியைவிடப் பெரிய மானக்கேடு. வில்லனின் அடியாட்கள் வரிசையாக முகத்தில் உதை வாங்கும்போது தாய்லாந்து அரங்கிலும் எங்கள் வீட்டுத் தொலைக்காட்சி முன்னும் எழும் சிரிப்புக்குள் அந்த மானக்கேட்டின் ருசி கலந்திருக்கிறது. பயிற்சிக்கூடத்தில் மகன் தந்தையின் நெஞ்சுக் கவசத்தில் உதைக்குமுன் குனிந்து வணங்குவதும் இதே காரணத்தால் எங்களுக்குக் கூடுதலாகப் பொருள்படுகிறது. மேற்கத்தேயப் பார்வையாளருக்கு அது வெறும் சம்பிரதாயமாகத் தெரியலாம். எங்களுக்கு அது முன்கூட்டியே கேட்கப்படும் மன்னிப்பு.

இனி, ஒலிம்பிக்கில் பார்க்கும் தைக்வொண்டோவும் படத்தில் பார்க்கும் தைக்வொண்டோவும் ஏன் இரண்டு வேறு உலகங்களாகத் தெரிகின்றன என்ற சந்தேகம். இரண்டு நிமிடச் சுற்றுக்கள், நெஞ்சிலும் தலையிலும் கவசம். 2012 இலண்டன் ஒலிம்பிக்கிலிருந்து அந்த நெஞ்சுக் கவசத்துக்குள் மின்னணு உணரிகள். 2024 பாரிஸ் ஒலிம்பிக்கின் விதிப்படி உடலில் குத்துக்கு 1 புள்ளி, உடலில் உதைக்கு 2, தலையில் உதைக்கு 3, சுழன்று உதைத்தால் உடலுக்கு 4, தலைக்கு 5. உணரியைத் தொட்டால் புள்ளி என்றானதும், வீரர்கள் முன்காலைத் தூக்கி வைத்துக்கொண்டு வாள்வீச்சுக்காரர் வாளை நீட்டுவதுபோல நீட்டி நீட்டித் தொடப் பழகிவிட்டார்கள் என்று பழையவர்கள் சலித்துக்கொள்வதுண்டு. வெல்வதற்கு அது சரியான வழிதான். ஆனால் கமராவுக்கு அதில் எதுவும் இல்லை.

திரைக்கு வேண்டியதைக் கொடுத்தது தைக்வொண்டோவின் மற்றொரு கிளை: காட்சிக் குழு. இசைக்கேற்ப வரிசையாக அசைந்து, தோழர் தோளில் ஏறி நிற்பவர் பிடித்திருக்கும் பலகையைப் பறந்து போய்ப் பிளந்து, 540 பாகை சுழன்று இறங்குகிறவர்கள் இவர்கள். பலகையில் ஒரு சிறு தந்திரமும் உண்டு: நார் ஓடும் வாக்கிலே உடையும்படி பிடிக்கப்படும் மெல்லிய பைன் பலகை அது, நாரைக் குறுக்கே பிடித்தால் எந்த வீரரின் காலும் யோசிக்கும். ஆனால் அந்த உயரமும் சுழற்சியும் ஏமாற்று இல்லை. 'தி கிக்' படத்தில் மூத்த மகனாகவும் மகளாகவும் வந்த நா தே ஜூவும் தேமியும் கே-டைகர்ஸ் என்ற புகழ்பெற்ற காட்சிக் குழுவிலிருந்து வந்தவர்கள். நடிகர்களுக்கு உதைக்கப் பழக்குவதா, உதைக்கிறவர்களுக்கு நடிக்கப் பழக்குவதா என்ற பழைய கேள்விக்கு இயக்குநர் இரண்டாவதைத் தேர்ந்துகொண்டார். அழுகிற காட்சிகளில் அதன் விலை தெரிகிறது. ஓடுகிற காட்சிகளில் அதன் பலன் தெரிகிறது. இவர்களோடு சேர்ந்த ஜீஜா யானின், 2008 இல் பிங்கேவின் முந்தைய படமொன்றில் நாயகியாக அறிமுகமானவர். சிறுமியாக இருந்தபோதே தைக்வொண்டோ பழகத் தொடங்கியவர் என்பதால் முவே தாய் ஊரில் வளர்ந்தும் அவரது கால் கொரியப் பாங்கில் நீளும்.

கொரியா கால்களைக் கொடுத்தது என்றால், தாய்லாந்து விழத் தெரிந்தவர்களைக் கொடுத்தது. இதை நான் கொஞ்சம் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் பார்ப்பவர்கள் வழக்கமாகத் தவறவிடும் இடம் இதுதான். ஓர் உதை நல்ல உதையாகத் தெரிவதில் பாதி அதை வாங்குகிறவரின் உழைப்பு. அடுத்த முறை எந்தச் சண்டைப் படத்தையும் பார்க்கும்போது உதைத்தவரை மறைத்துவிட்டு வாங்கியவரை மட்டும் கவனியுங்கள்: தலை எப்போது திரும்புகிறது, எந்தத் தோள் முதலில் தரையைத் தொடுகிறது, காற்றில் எத்தனை முறை புரள்கிறார். சண்டை இயக்குநர் பன்னா ரித்திக்ராய் வளர்த்தெடுத்த தாய்லாந்துச் சண்டைக் கலைஞர் மரபு, கம்பி கட்டாமல், மாற்று ஆள் போடாமல், கணினி ஒட்டுவேலை செய்யாமல் விழுவதைத் தன் முத்திரையாக்கிக்கொண்டது. கமராவுக்கும் இதில் பங்குண்டு. கைச்சண்டையை இடுப்பு வரை காட்டினால் போதும். உதைச் சண்டையில் கமரா பின்வாங்கி, இருவரையும் உச்சி முதல் பாதம் வரை ஒரே சட்டகத்துக்குள் வைக்கவேண்டும். ஊன்றிய பாதம் சட்டகத்துக்கு வெளியே போய்விட்டால் கண் உடனே சந்தேகப்படும். அப்படிப் பின்வாங்கிய சட்டகத்தில் பின்னால் நிற்கும் தாயும் தம்பியும் மேசையும் பானையும் தாமாகவே உள்ளே வந்துவிடுகின்றன. உதை இருக்கும் இடத்தில் குடும்பமும் படத்துக்குள் வருவதற்கு ஒளிப்பதிவின் இந்தக் கட்டாயமும் ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

கதையைப் பற்றி அதிகம் சொல்ல இல்லை. கிறிஸ் என்பது மலாய், ஜாவா நாடுகளின் நெளிந்த அலகுடைய குத்துவாள். மலாய் மக்கள் வாழும் எங்கள் நாட்டிலும் 'கிறிஸ் கத்தி' என்ற பெயர் புழக்கத்தில் உண்டு. படத்தில் அது ஆட்களை ஓடவிடுவதற்கான சாட்டு மட்டுமே. வாளுக்குப் பதில் ஒரு பூசணிக்காயைத் திருடியிருந்தாலும் திரைக்கதையில் பெரிய மாற்றம் வந்திராது. வில்லன் கூட்டத்துக்கு முகம் இல்லை. நகைச்சுவை சில இடங்களில் கூச்சலாக இறங்கிவிடுகிறது.

ஆனால் தந்தை–மகன் இழை அப்படித் தள்ளிவிடக்கூடியது அன்று. தைக்வொண்டோ பிள்ளைகளை மையமாகக் கொண்ட தொழில். பட்டி வெள்ளையில் தொடங்கி மஞ்சள், பச்சை, நீலம், சிவப்பு என ஏறும். பதினைந்து வயதுக்குக் குறைந்தவர் கறுப்புப் பட்டித் தகுதி பெற்றால் பாதி சிவப்பும் பாதி கறுப்புமான 'பூம்' பட்டி கட்டுவார். ஒவ்வொரு படிக்கும் ஒரு பரீட்சை, ஒரு கட்டணம், ஒரு சான்றிதழ். வட இலங்கைச் சங்கீத சபையின் தரப் பரீட்சைகளுக்குப் பிள்ளைகளை ஏற்றி இறக்கிய தாய் தகப்பனுக்கு இந்த ஏணி புதியதல்ல. ஏணி இருக்கும் இடத்தில் பிள்ளையைவிடப் பெற்றோருக்கு அவசரம் அதிகம் என்பதும் அவர்களுக்குத் தெரிந்ததே. எங்கள் ஊரில் அந்த அவசரம் வேறு திசையில் இழுக்கிறது: தரம் 5 புலமைப்பரிசில் வருடம் வந்ததும் சனிக்கிழமை வகுப்பு ரியூசனுக்கு இடம்விடும், சாதாரண தரம் நெருங்கினால் வெள்ளை உடை அலுமாரிக்குள் போகும். படத்தில் தந்தை தைக்வொண்டோவுக்காக நடனத்தை விடச் சொல்கிறார். இங்கே உயிரியலுக்காகத் தைக்வொண்டோவை விடச் சொல்வோம். பொருள்தான் மாறுகிறது, தன்னால் ஏற முடியாமற்போன படியைக் காட்டி "நீயாவது" என்று தொடங்கும் அந்தப் பேச்சு மாறுவதில்லை. பாங்கொக் வீட்டில் கொரிய மொழியில் அது நடக்கும்போது வசன மொழிபெயர்ப்பைப் பார்க்காமலே எங்கள் வீட்டில் எல்லோருக்கும் விளங்கியது. தமையனார் மட்டும் எழும்பித் தண்ணீர் குடிக்கப் போனார்.

படத்துக்கு வெளியே இதே கதை வேறு விதமாக நிறைவேறியும் இருக்கிறது. 2002 இல் சோய் யங் சோக் என்ற கொரியப் பயிற்சியாளர் தாய்லாந்துத் தேசிய அணியைப் பழக்க வந்தார். 2004 ஏதென்ஸில் அவர் பழக்கிய யாவபா பூரபொன்சாய் அந்நாட்டுக்குத் தைக்வொண்டோவில் முதல் ஒலிம்பிக் பதக்கத்தை, ஒரு வெண்கலத்தை, வென்று கொடுத்தார்; 2008 இல் வெள்ளி வந்தது. தங்கம் 2021 இல், பிற்போடப்பட்ட டோக்கியோ ஒலிம்பிக்கில் வந்தது. 49 கிலோ எடைப்பிரிவின் இறுதிப் போட்டியில் பானிபக் வொங்பத்தானகித் ஸ்பெயின் வீராங்கனையைக் கடைசி விநாடிகளில் 11–10 என வென்றார். சோய் 2022 இல் தாய்லாந்துக் குடியுரிமை பெற்றார். 2024 பாரிஸில் பானிபக் மீண்டும் தங்கம் வென்றார். கண்டிப்புக்குப் பேர்போன கொரிய ஆசான், அவர் வளர்த்த தாய்லாந்துப் பெண், இருபது வருடக் காத்திருப்பு என்று இதைத் திரைக்கதையாக எழுதியிருந்தால் மிகையென்று தள்ளியிருப்பார்கள்.

மூத்த மகனாக நடித்த நா தே ஜூவின் பிற்கதை இதைவிடச் சுவையானது. தந்தையின் தைக்வொண்டோவுக்கும் தன் ஆட்டத்துக்கும் நடுவே கிடந்து தவிப்பவனாகப் படத்தில் வந்தவர், 2020 இல் கொரியத் தொலைக்காட்சியில் பெரும் வரவேற்புப் பெற்ற 'ட்ரொட்' பாட்டுப் போட்டிக்குப் போட்டியாளராகப் போனார். ட்ரொட் என்பது கொரியாவின் பெரியவர்கள் விரும்பிக் கேட்கும் பழைய பாணி மெல்லிசை. எங்கள் வானொலியில் 'அந்த நாள் ஞாபகம்' என்று போடுவார்களே, அதற்குக் கிட்டிய சங்கதி. மேடையில் ஒலிவாங்கியைக் கையில் பிடித்தபடி, பாட்டை நிறுத்தாமல், அவர் எழும்பிச் சுழன்று உதைத்தார்.